தபால்காரருக்காகக் காத்திருந்த பாட்டு

[திரையில்: கறுப்பு இசைத்தட்டு ஒன்று சுழல்கிறது]

1961 டிசம்பர் 11ஆம் தேதியிட்ட பில்போர்டு ஹாட் 100 என்ற அமெரிக்காவின் வாராந்தரப் பிரபலப் பாடல் பட்டியலில், மார்வலெட்ஸ் என்ற பெண்கள் குழு பாடிய ‘ப்ளீஸ் மிஸ்டர் போஸ்ட்மேன்’ முதலிடத்தில் இருந்தது. டெட்ராய்டில் தொடங்கி மூன்று ஆண்டுகள்கூட நிறைவடையாத மோட்டவுன் என்ற இசைத்தட்டு நிறுவனத்துக்கு அந்தப் பட்டியலில் கிடைத்த முதல் முதலிடம் அதுதான். பதின்மூன்று ஆண்டுகள் கழித்து, 1975 ஜனவரியில், கேரன், ரிச்சர்ட் என்ற தங்கை–அண்ணன் இணையான கார்ப்பென்டர்ஸ் பாடிய அதே பாட்டு மீண்டும் அதே இடத்தைப் பிடித்தது.

[திரையில்: மிச்சிகன் மாநில வரைபடம், டெட்ராய்டும் இங்க்ஸ்டரும்]

மார்வலெட்ஸ், டெட்ராய்டுக்கு அருகிலுள்ள இங்க்ஸ்டர் என்ற ஊரின் பள்ளி மாணவிகள். அவர்கள் மோட்டவுனில் பாடிக் காட்டியபோது, சொந்தமாக ஒரு பாட்டுடன் திரும்பி வருமாறு அங்கே கேட்டுக்கொண்டார்கள். குழுவில் ஒருவரான ஜார்ஜியா டாபின்ஸ், வில்லியம் கேரட் என்ற நண்பரிடமிருந்த புளூஸ் பாட்டை வாங்கி, அதன் தலைப்பை மட்டும் வைத்துக்கொண்டு மற்ற அனைத்தையும் புதிதாக எழுதினார். ஆனால் வீட்டுச் சூழ்நிலையால் ஒலிப்பதிவுக்கு முன்பே அவர் குழுவை விட்டு விலக நேர்ந்ததால், முதன்மைக் குரல் கிளாடிஸ் ஹார்ட்டனுக்குப் போயிற்று. பாட்டைச் செப்பனிட்டவர்களில் ஒருவரான ஃபிரெடி கார்மன் அப்போது உண்மையிலேயே தபால்காரராக வேலை பார்த்துக்கொண்டிருந்தார் என்பது யாரும் திட்டமிடாத பொருத்தம். டிரம்ஸ் வாசித்தவரோ, பின்னாளில் பெரும் பாடகராகப் புகழ்பெற்ற மார்வின் கே.

[திரையில்: நான்கு கட்டங்கள் ஒன்றன்பின் ஒன்றாக ஒளிர்ந்து, மீண்டும் முதலிலிருந்து தொடங்குகின்றன]

இந்தப் பாட்டின் அமைப்பைச் சற்று நிதானமாகக் கவனிக்க வேண்டும். தொடக்கம் முதல் முடிவு வரை நான்கே கார்டுகள் (chords, அதாவது சேர்ந்தொலிக்கும் சுரக்கூட்டுகள்) ஒரே வரிசையில் திரும்பத் திரும்ப வருகின்றன. பல்லவிக்கு ஒன்று, சரணத்துக்கு வேறொன்று என்ற மாற்றம் இல்லை. காதலனின் கடிதத்துக்காக வாசலில் நிற்கும் பெண்ணுக்கு எந்த நாளும் முந்தைய நாளைப் போலவே கழிகிறது என்பதை, சொற்களுக்கு முன்பே இசை சொல்லிவிடுகிறது. அந்த மாறாத சுழற்சியின் மேல் ஹார்ட்டனின் குரல் மட்டும் கரகரப்பும் பொறுமையின்மையும் ஏறிக்கொண்டே போக, தோழிகளின் குரல்களும் கைத்தட்டல்களும் தெருவில் அவருடன் கூடி நின்று தபால்காரரை மறிப்பதைப் போல ஒலிக்கின்றன.

இடையில் பீட்டில்ஸ் என்ற பிரிட்டிஷ் குழுவினரும் இதைப் பாடினார்கள். சொந்தமாக ஓர் இசைத்தட்டு வெளியாவதற்கு முன்பே, 1962 மார்ச்சில், தங்களுடைய முதல் பிபிசி வானொலி நிகழ்ச்சியில் பாடிய பாட்டுகளில் இதுவும் ஒன்று. 1963 நவம்பரில் வெளிவந்த அவர்களுடைய இரண்டாவது ஆல்பத்திலும் இது இடம்பெற்றது. அக்குழுவின் ஜான் லெனன் காதலனைக் காதலியாக மாற்றி, கெஞ்சலைக் கிட்டத்தட்ட அதட்டலாகவே ஆக்கிவிட்டார்.

[திரையில்: டிஸ்னிலாந்து பூங்காவின் நுழைவாயில்]

கார்ப்பென்டர்ஸ் இந்தப் பாட்டை மறுபடி பாடிய விதம் வேறு வகையானது. 1973இலேயே பழைய பாட்டுகளைத் தொடுத்து ஓர் ஆல்பத்தின் ஒரு பக்கம் முழுவதையும் நிரப்பியிருந்த கேரனும் ரிச்சர்டும், இதையும் இளமைக்கால நினைவாகவே அணுகினார்கள். கேரனே டிரம்ஸ் வாசித்தார். சாக்ஸபோனும் கிதாரும் நடுவில் புகுந்து மெருகேற்றுகின்றன. பின்குரல்கள் இம்மியும் பிசகாமல் அடுக்கப்பட்டிருக்கின்றன. விளம்பரப் படத்தை டிஸ்னிலாந்தில் எடுத்தார்கள் என்பதே அதன் மனநிலையைக் காட்டிவிடும். குரல் வளத்தில் கேரனுக்கு ஈடு சொல்வது கடினம். இருந்தாலும், அவர் பாடும்போது கடிதம் எப்படியும் வந்துவிடும் என்றே எனக்குத் தோன்றுகிறது. ஹார்ட்டன் பாடும்போது அந்த நிச்சயம் இல்லை: தபால்காரர் பையை இன்னொரு முறை துழாவிப் பார்க்கிறாரா என்பதுகூடத் தெரியாத நிலையிலேயே, அதே நான்கு கார்டுகளின் மேல் பாட்டு மெல்லத் தேய்ந்து மறைகிறது.