கடைக்கண்ணுக்குத் தெரியும் முகில்

வணக்கம். கதைகளில் வரும் விண்முகிலை, நெபுலா என்கிறோமே அதை, நீங்கள் ஒரு தடவையாவது சந்தித்திருப்பீர்கள். கப்பல் உள்ளே நுழையும், கடிகாரம் நின்றுபோகும். உள்ளே இருப்பவர்களுக்குக் காரணமே இல்லாமல் அழுகை வரும், இல்லையென்றால் பழைய பகையெல்லாம் மறந்துபோகும். வெளியே வந்து பார்த்தால் பேரனுக்கு நரைத்திருக்கும். இப்படியொரு முகிலை எழுத நினைப்பவர்களுக்கும், தை மாசம் வளவில் கட்டில் போட்டு வானத்தைப் பார்த்துப் படுப்பவர்களுக்கும் சேர்த்துத்தான் இந்தப் பேச்சு.

கதைக்காரர்கள் முதலில் தவறுவது முகிலின் அடர்த்தியில். ஓரியன் முகிலை எடுத்துக்கொள்வோம். திருவாதிரை விண்மீனுக்குப் பக்கத்தில் வரிசையாக நிற்கும் மூன்று மீன்களுக்குக் கீழே, தெற்கே, மங்கலாகத் தெரிவது அது. பூமியிலிருந்து 1,300 ஒளியாண்டுக்குச் சற்று அதிகம். அதில் ஒரு கன சென்டிமீட்டருக்குச் சில ஆயிரம் அணுக்கள்தான். நாம் மூச்சுவிடும் காற்றில் அதே அளவில் 2.5 கோடி கோடி லட்சம் மூலக்கூறுகள், அதாவது 25-க்குப் பின்னால் பதினெட்டுச் சுழி. ஒரே ஒரு கன சென்டிமீட்டர் காற்றை அந்த முகிலின் அடர்த்திக்குப் பரப்பினால், நீளம், அகலம், உயரம் மூன்றும் ஒன்றரை கிலோமீட்டருக்கு மேல் போகும் ஒரு கனசதுரமே வேண்டும். ஆகவே கப்பலைச் சுற்றி வண்ணப் புகை சூழாது. கிட்டே போனால் முகில் பெரிதாகத் தெரியுமே தவிர, ஒரு துண்டு வானத்துக்கு இவ்வளவு என்ற பிரகாசம் அதிகமாகாது. உள்ளே நின்றாலும் நாலா பக்கமும் மங்கல்தான்.

அடுத்தது காலம். ஈர்ப்பு கூடிய இடத்தில் கடிகாரம் மெதுவாக ஓடும் என்பது உண்மை. ஆனால் முகிலின் கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஓரியன் முகிலுக்கு ஏறக்குறைய 2,000 சூரியன்களின் நிறை என்று வைத்துக்கொள்வோம். அதன் விளிம்பு நடுவிலிருந்து சுமார் 12 ஒளியாண்டு. அங்கே நிற்கும் கடிகாரம், வெகுதொலைவில் இருக்கும் கடிகாரத்தைவிட ஆண்டுக்கு ஒரு மில்லிசெகண்டுகூடப் பின்தங்காது. பூமியின் ஈர்ப்பு மட்டுமே தரையிலுள்ள கடிகாரத்தை ஆண்டுக்குச் சுமார் 22 மில்லிசெகண்டு தாமதப்படுத்துகிறது. காரைக்குடியில் ஓடும் சுவர்க்கடிகாரம் முகிலில் ஓடுவதைவிடச் சோம்பேறி என்று சொல்லலாம். கதையில் காலம் பாதியாகக் குறைய வேண்டுமென்றால் முகிலுக்குள் ஒரு கருந்துளையை ஒளித்துவைக்க வேண்டும். பத்துச் சூரியன் நிறையுள்ள கருந்துளைக்கு ஏறக்குறைய 40 கிலோமீட்டர் வரை நெருங்கினால்தான் பாதி வேகம் கிடைக்கும். அங்கே காலுக்கும் தலைக்கும் ஈர்ப்பு வேறுபட்டு ஆள் நூலாகிவிடுவார். பேரனைப் பார்க்கத் திரும்பி வரமாட்டார்.

அப்படியானால் முகிலுக்கும் காலத்துக்கும் தொடர்பே இல்லையா? இருக்கிறது. என் கருத்தில் கற்பனையைவிட அதுதான் விசித்திரம். 1864-இல் வில்லியம் ஹக்கின்ஸ் என்ற ஆங்கிலேய வானியலாளர் வேறொரு முகிலின் ஒளியைப் பட்டகத்தில் பிரித்துப் பார்த்தார். வானவில் பட்டை விரியவில்லை. பச்சைப் பக்கத்தில் ஒளிக்கோடுகள் மட்டும் நின்றன. அது வாயு என்பதற்கு அதுவே சாட்சி. ஆனால் அந்தப் பிரகாசமான பச்சைக்கோடு பூமியில் தெரிந்த எந்தத் தனிமத்தோடும் பொருந்தவில்லை. புதுத் தனிமம் என்று நினைத்து ‘நெபுலியம்’ என்று பெயரும் வைத்தார்கள். 1927-இல்தான் ஐரா போவன் என்ற அமெரிக்க இயற்பியலாளர் முடிச்சை அவிழ்த்தார். அது நம் ஆக்சிஜனேதான். இரண்டு எலக்ட்ரான்களை இழந்து நிற்கும் ஆக்சிஜன், அதாவது ஆக்சிஜன் அயனி.

பூமியில் அந்தக் கோடு ஏன் தெரியவில்லை? ஆற்றல் ஏறிய அந்த அயனி இந்தப் பச்சையை உமிழச் சராசரியாக அரை நிமிடத்துக்கும் மேல் காத்திருக்க வேண்டும். நம் காற்றில் ஒரு மூலக்கூறு நொடிக்குப் பல நூறு கோடி தடவை மற்றொன்றில் இடிக்கிறது. காத்திருக்க விடுவார்களா? ஒளி வருமுன்னே மோதலில் ஆற்றல் பறிபோய்விடும். முகிலில் இடிக்க ஆளில்லை, அதனால் அயனி பொறுத்திருந்து ஒளிர்கிறது. ‘விலக்கப்பட்ட கோடு’ என்று இதற்குப் பெயர். எழுதுபவர்கள் பிடித்துக்கொள்ள வேண்டிய விதி இது: ஆளற்ற வெளியில்தான் சில காரியங்கள் நடக்க நேரம் கிடைக்கும். கப்பலின் புகைபோக்கியிலிருந்து கொஞ்சம் வாயு கசிந்தால் அந்த இடத்தில் பச்சை அணைந்துபோகும். இதை வைத்தே ஒரு கதைமுடிச்சைப் போடலாம்.

இனி உணர்ச்சிக்கு வருவோம். முகில் மனத்தை மாற்றுவது நிஜத்திலும் நடக்கிறது, ஆனால் பெரும்பாலும் தலைகீழாக. இளஞ்சிவப்புப் படங்களைப் பார்த்துவிட்டுத் தொலைநோக்கியில் கண் வைப்பவர் சொல்வது ஒன்றே: “இவ்வளவுதானா?” சாம்பல் நிறத்தில் ஊதுபத்திப் புகை மாதிரி ஒன்று தெரியும். ஹைட்ரஜனின் சிவப்பு 656 நானோமீட்டர். இருட்டில் வேலை செய்யும் கோல் செல்களுக்கு அந்தச் சிவப்பு பிடிபடாது. அவை கூர்மையாக உணர்வது 500 நானோமீட்டர் அருகே. நமது ஆக்சிஜனின் பச்சை 501. ஆகக் கண்ணுக்குத் தெரியும் அந்தச் சாம்பலில் பெரும்பங்கு, அரை நிமிடம் காத்திருந்து கிளம்பி, அப்பரும் சம்பந்தரும் பாடிய ஏழாம் நூற்றாண்டு முதல் பயணம் செய்து வந்த ஒளி. இதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் “இவ்வளவுதானா” வராது.

பார்ப்பதற்கு நாள் முக்கியம். மார்கழித் திருவாதிரை அன்று போகவே கூடாது. அன்று முழுநிலவு அந்த மீனுக்குப் பக்கத்திலேயே நிற்கும், முகில் கரைந்துவிடும். தைப்பூசமும் நிலவு நாள்தான். தை அமாவாசையை ஒட்டிய இரவுகள் உத்தமம். பிப்ரவரி முதல் வாரத்தில் இரவு 9 மணிக்கு முகில் உச்சியில் இருக்கும். நம் ஊரில் செங்குத்துக்குத் தெற்கே 15 டிகிரிதான், நீட்டிய கைமுட்டி ஒன்றரை. தெருவுக்குத் தெரு வெளிச்சம் இருந்தாலும், வளவுக்குள் உட்கார்ந்தால் சுற்றுச் சுவரே மறைப்பாகிவிடும். கண்ணுக்கு மேல் பத்தடியில் கூரை விளிம்பும், இருபதடி அகலத் திறப்பும் இருந்தால், முகில் கிழக்கு விளிம்பில் எட்டிப்பார்த்து மேற்கு விளிம்பில் மறைய ஏறக்குறைய ஆறு மணி நேரம் ஆகும். தாழ்வார விளக்கை அணைத்துவிடுங்கள். பூசையறை நீலச் சீரியல் விளக்கையும். பலர் மறப்பது அதைத்தான்.

மொட்டை மாடி வேண்டாம் என்பேன். பகலெல்லாம் வாங்கிய வெயிலைத் தளம் ராத்திரி திருப்பிக் கொடுக்கும். தொலைநோக்கியில் படம் கொதிக்கும். ஊருணிக் கரையின் மண்தரை தேவலை, ஆனால் பனி விழும். லென்சுக்கு முன்னால் அதன் விட்டத்தைப்போல் ஒன்றரை மடங்கு நீளத்துக்குச் சார்ட் தாளைச் சுருட்டிக் கட்டுங்கள்.

கண் இருட்டுக்குப் பழக அரை மணி. நடுவில் செல்போனைத் திறந்தால் கணக்கு முதலிலிருந்து தொடங்கும். டார்ச்சுக்கு மூன்று மடிப்புச் சிவப்புச் செலோஃபேன் தாள் கட்டலாம். முகிலை நேராகப் பார்க்காதீர்கள். கோல் செல்கள் விழித்திரையின் நடுவில் இல்லை, ஓரத்தில்தான் நெருக்கம். நமக்குத்தான் கடைக்கண் என்ற சொல் இருக்கிறதே. வலக்கண்ணால் பார்ப்பவர் பார்வையைச் சற்று வலப்பக்கம் நகர்த்தி, முகிலை மூக்குப் பக்கமாக விட வேண்டும். எதிர்ப்பக்கம் நகர்த்தினால் குருட்டுப்புள்ளியில் விழுந்து முகில் காணாமல் போகும்.

7x50 பைனாகுலர் போதும், அதாவது 7 மடங்கு பெரிதாக்கும், முன் லென்சு 50 மில்லிமீட்டர். பெரியவர்களுக்கு 10x50 நல்லது. வயது ஏற ஏறக் கண்பாவை அவ்வளவாக விரியாது, 7x50 தரும் அகன்ற ஒளிக்கற்றையில் பாதி வீணாகும். நாலங்குலத் தொலைநோக்கி இருந்தால் 36 மடங்கில் புகையைப் பாருங்கள், 90 மடங்கில் நடுவிலுள்ள நான்கு இளம் விண்மீன்களைப் பிரித்துப் பாருங்கள். அவைதான் முகிலை ஒளிரச் செய்பவை. 200 மடங்கு வைத்தால் புகை வெளிறிப்போகும்.

தை தவறினால் சிவராத்திரி இருக்கிறது. அமாவாசைக்கு முந்தின இரவு, நிலவுத் தொல்லை இல்லை, ஊரே விழித்திருக்கும். முதல் காலப் பூசை முடிந்து வெளியே வரும்போது முகில் உச்சியிலோ மேற்கே சற்றுச் சரிந்தோ இருக்கும். தீபத்தைப் பார்த்த கண்ணுக்கு மட்டும் அரை மணி நேரம் கொடுங்கள். நன்றி, வணக்கம்.