63 வயதில் கதாநாயகன்: எல்மார் வெப்பர்

நண்பர்களுக்கு வணக்கம். ஜெர்மன் சினிமா என்றால் ஹெர்சாக், வெண்டர்ஸ், ஃபாஸ்பைண்டர் என்று இயக்குநர்களைத்தான் வரிசையாகச் சொல்வோம். நான் பேச வந்திருப்பது ஒரு நடிகரைப் பற்றி. எல்மார் வெப்பர் என்ற பெயரை நீங்கள் கேள்விப்பட்டிராவிட்டால் அது உங்கள் குற்றமில்லை.

1944இல் ஆக்ஸ்பர்க்கில் பிறந்தவர். அண்ணன் ஃபிரிட்ஸ் வெப்பர்தான் அந்த வீட்டில் பிரபலம். 'டெர் கொமிஸார்' என்ற துப்பறியும் தொடரில் ஹாரி கிளைன் என்ற இளம் போலீஸ்காரராக நடித்த அண்ணன், 1974இல் அதே பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு 'டெரிக்' என்ற புதுத் தொடருக்குப் போய்விட்டார். காலியான இடத்துக்கு யார் வந்தது? எல்மார். கதையிலும் அவர் ஹாரியின் தம்பிதான்! வீட்டிலும் தம்பி, வேலையிலும் தம்பி. 'டெரிக்' 281 பகுதிகள் ஓடி, உலகமெல்லாம் விற்றது. எல்மாருக்கு மியூனிக் காவல் நிலையக் கதைகளும் குடும்பத் தொடர்களும் கிடைத்தன. ஜெர்மனியில் வெளிநாட்டுப் படங்களைப் பெரும்பாலும் டப்பிங்கில்தான் பார்ப்பார்கள். ஒரு நடிகருக்கு ஒரே குரல் பல ஆண்டுகள் தொடரும். மெல் கிப்ஸனுக்கு எல்மாரின் குரல். ஆக, குரல் தெரியும், ஆளைக் கவனிக்க மாட்டார்கள்.

சரி, 2008க்கு வருவோம். டோரிஸ் டோரி இயக்கிய 'செர்ரிப் பூக்கள்' படம். எல்மாருக்கு வேடம் ரூடி: கிராமத்தில் குப்பை மேலாண்மை அலுவலகத்தில் வேலை, கடிகாரம் பார்த்துப் போய்வரும் வாழ்க்கை. அவருக்குத் தீராத நோய். அது மனைவிக்கு மட்டும் தெரியும், சொல்லவில்லை. ஆனால் முந்திக்கொள்வது அவள். ஜப்பானுக்குப் போக ஆசைப்பட்டு, கடைசிவரை போகாமலே இறந்தவள். ரூடி அவளுடைய துணிகளைப் பெட்டியில் வைத்துக்கொண்டு டோக்கியோ போகிறார்.

பூங்காவில் ஒரு காட்சி. பூத்துக் குலுங்கும் மரங்களுக்கு நடுவே ரூடி தன் கோட்டைத் திறக்கிறார். உள்ளே மனைவியின் ஸ்வெட்டர், பாவாடை, மணிமாலை. அவளுக்குப் பூக்களைக் காட்டுகிறாராம்! கொஞ்சம் கூடுதலாக நடித்திருந்தால் தியேட்டரே சிரித்திருக்கும். எல்மார் முகத்தில் வெறும் கடமையுணர்ச்சி. பொட்டலத்தை உரியவரிடம் சேர்த்த தபால்காரரைப் போல. இங்கேதான் நான் அடித்துச் சொல்வேன்: ஒரு நட்சத்திரத்தால் இதைச் செய்திருக்க முடியாது. ஓரமாக நின்றே முப்பது வருடம் நடித்த மனிதருக்குத்தான் தன்னைக் காட்டிக்கொள்ளாமல் கோட்டை மட்டும் திறந்து காட்டத் தெரியும்.

அந்த வருடம் சிறந்த நடிகருக்கான ஜெர்மன் திரைப்பட விருது அவருக்குத்தான். அப்புறம் வேடங்களும் மாறின. 'முக்கால் நிலவு' படத்தில் நியூரம்பெர்க் டாக்சி ஓட்டுநர், 2018இல் சின்ன விமானத்தில் பறந்து கிளம்பிவிடும் கடன்காரத் தோட்டக்காரர். இரண்டும் சிடுமூஞ்சிகள், இரண்டையும் நமக்குப் பிடித்துவிடும். 2023 அக்டோபரில் காலமானார். அடுத்த மார்ச்சில் அண்ணனும் போய்விட்டார்.

'செர்ரிப் பூக்கள்' முடிவை நான் சொல்லப் போவதில்லை. பார்க்கும்போது ஃபூஜி மலைக்காக ரூடி ஜன்னலருகே காத்திருக்கும் இடங்களை மட்டும் ஓட்டிவிடாதீர்கள். மலை மேகத்துக்குள் இருக்கும், ஒன்றுமே நடக்காது. எல்மாரைப் பார்க்க அதுதான் சரியான இடம்.