எலிஃப்: எலி இல்லை, எருது!

(திரையில்: வெள்ளைத் தாளில் ஆங்கிலத்தின் பெரிய 'ஏ'.)

வணக்கம். துருக்கியில் பெண் குழந்தைகளுக்குப் பரவலாக வைக்கப்படும் பெயர்களுள் ஒன்று எலிஃப். தமிழ்க் காதுக்கு எப்படி ஒலித்தாலும், இந்தப் பெயருக்கு எலியோடு உறவில்லை; எருதோடுதான் உறவு. நம்பாதவர்கள் வீடியோவைச் சற்று நிறுத்திவிட்டு, திரையில் உள்ள எழுத்தைத் தாளில் எழுதித் தலைகீழாகத் திருப்பிப் பாருங்கள்: இரண்டு கொம்புகளோடு ஒரு மாட்டுத் தலை தெரியும்.

எலிஃப் என்பது அரபு நெடுங்கணக்கின் முதல் எழுத்தான அலிஃபின் துருக்கிய வடிவம். தமிழ் முஸ்லிம் பிள்ளைகள் மதரஸாவில் முதலில் ஓதக் கற்கும் அதே எழுத்து. மத்தியதரைக் கடலின் கிழக்குக் கரையில் வாழ்ந்த பண்டைய வணிக மக்களான ஃபினீசியரின், எருதைக் குறித்த 'ஆலெஃப்' என்னும் எழுத்து இதற்கும் ஆங்கில 'ஏ'வுக்கும் பொது மூதாதை. வரலாறு இவ்வளவு போதும்.

அரபு எழுத்தில் அலிஃப் ஒரே ஒரு செங்குத்துக் கோடு. துருக்கியை ஆண்ட உஸ்மானியப் பேரரசின் காலத்துக் கவிஞர்கள் அந்தக் கோட்டில் காதலியின் ஒல்லியான, நிமிர்ந்த மேனியைக் கண்டார்கள். ஏங்கிக் கூனிப்போன காதலனுக்கு வளைந்த 'தால்' எழுத்தை ஒதுக்கினார்கள். அல்லாஹ் என்னும் சொல்லின் முதலெழுத்தாகவும், எண் மதிப்பில் ஒன்றாகவும் இருப்பதால், சூஃபிகளுக்கு அது இறைவனின் ஒருமையைக் குறித்தது. ஆனால் எனக்குப் பிடித்தது கவிஞரும் சூஃபியும் அல்லர், துருக்கியக் கிராமத்துச் சொலவடைதான். எழுத்தறியாதவனைப் பற்றி, 'எலிஃபைப் பார்த்தால் கூரைக்குப் போடும் மரக்கட்டை என்று நினைப்பான்' என்பார்கள். காதலியின் மேனியையும் கூரைக் கட்டையையும் ஒரே கோட்டில் கண்ட மொழிக்கு முன்னால், 'ஆனா ஆவன்னா தெரியாதவன்' என்னும் நம் ஏச்சு சற்று வறட்சியாகவே படுகிறது. உங்கள் ஊரில் இதைவிடச் சுவையான சொலவடை இருந்தால் கருத்துப் பகுதியில் எழுதுங்கள். நான் தோற்கத் தயார்.

1928 நவம்பர் 1 அன்று இயற்றப்பட்ட சட்டத்தால் துருக்கி மொழி அரபு எழுத்திலிருந்து லத்தீன் எழுத்துக்கு மாறியது. எழுத்து போனது, பெயர் தங்கிவிட்டது. முதலெழுத்தையே பெயராகக் கொண்ட பெண், இன்று தன் பெயரைத் துருக்கிய நெடுங்கணக்கின் ஆறாம் எழுத்தால் தொடங்கி எழுதுகிறாள்.

இனி, எருதுக்குத் திரும்புவோம். 1919 முதல் 1922 வரை நடந்த துருக்கிய விடுதலைப் போரில், கிராமத்துப் பெண்கள் மாட்டுவண்டிகளில் போர்முனைக்கு வெடிமருந்து கொண்டு சென்றார்கள். ஃபாஸில் ஹுஸ்னு டாலார்ஜா என்னும் கவிஞர் அவர்களைப் பற்றி எழுதிய 'முஸ்தஃபா கெமாலின் மாட்டுவண்டி' (கெமால் அந்தப் போரின் தலைவர்) என்னும் கவிதையில் வண்டியோட்டும் பெண்ணின் பெயர் எலிஃப். அவளுடைய எருதின் பெயர் கோஜாபாஷ், அதாவது பெருந்தலையன். வழியில் கோஜாபாஷ் சாய்ந்து விழுந்ததும், அதன் இடத்தில் எலிஃபே தன்னை நுகத்தடியில் பூட்டிக்கொண்டு வண்டியை இழுக்கிறாள்.