இரண்டு படக் கம்பெனிகள், ஒரே மனிதர்

நேயர்களுக்கு வணக்கம். மௌனப்படக் காலத்தைப் பற்றிப் பேச வேண்டும், யாரை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று நிலையத்தில் சொன்னபோது எனக்கு யோசிக்கவே தேவைப்படவில்லை. ஃபின்லாந்துப் பட இயக்குநர் எர்க்கி காரு. நம்மில் பலருக்கு அவர் பெயர் தெரியாது, அதனால்தான் இன்றைக்கு அவரைப் பற்றிச் சொல்ல ஆசைப்படுகிறேன்.

1887இல் ஹெல்சிங்கியில் பிறந்தவர். பிறந்தபோது குடும்பப் பெயர் கும்லாண்டர், அது ஸ்வீடிஷ் பெயர். பிறகு வைத்துக்கொண்ட ‘காரு’ என்ற ஃபின்னிஷ் சொல்லுக்குக் கரடுமுரடானது, வறண்டது என்று பொருள். நாடக மேடையில் நடித்தார், மேடைக்குக் காட்சித் திரைகளும் வரைந்தார், அங்கிருந்துதான் சினிமாவுக்கு வந்தார்.

அவர் வந்த நேரம் எப்படிப்பட்டது என்று பாருங்கள். ஃபின்லாந்தின் முதல் கதைப்படம் 1907இலேயே வந்துவிட்டது, கள்ளச்சாராயம் காய்ச்சுகிறவர்களைப் பற்றிய சின்னப் படம், அதன் பிரதி இன்று எங்கும் இல்லை. அப்புறம் முதல் உலகப்போர் வந்தது, நாட்டை ஆண்ட ரஷ்ய அதிகாரிகள் 1916 கடைசியில் படம் எடுப்பதையே தடை செய்தார்கள், 1917இல் விடுதலை கிடைத்தது, உடனே 1918இல் உள்நாட்டுப் போர். இவ்வளவுக்கும் பிறகு, 1919இல், நடிகர்களான தெயுவோ பூரோ, தெப்போ ராய்க்காஸ் இருவருடனும் சேர்ந்து காரு ஒரு படக் கம்பெனி தொடங்கினார். சில வருடங்களில் அதுதான் ‘சுவோமி-ஃபில்மி’ என்று பெயர் பெற்றது. அதை நடத்தியதும் அவர்தான், இயக்கியதும் அவர்தான், சில படங்களுக்குத் திரைக்கதை எழுதியதும் அவர்தான்.

1922இல் தங்கள் புதிய நாட்டை வெளியுலகுக்குக் காட்ட ‘ஃபின்லாண்டியா’ என்ற ஆவணப்படத்தை ஏரோ லெவாலுவோமாவுடன் சேர்ந்து எடுத்தார். அடுத்த வருடம் 1923ஐப் பாருங்கள், எனக்கு இன்றும் நம்ப முடியாத வருடம் அது. பாறைகளுக்கு நடுவே நுரைத்துப் பாயும் ஆற்றில் ஆட்கள் உயிரைப் பணயம் வைத்து இறங்கும் ‘கொஸ்கென்லாஸ்கியான் மோர்சியன்’, அப்பாவுக்குப் பல்வலி வந்தால் வீட்டில் என்ன நடக்கும் என்று ஒரு குட்டி நகைச்சுவைப் படம், இவற்றோடு ‘நும்மிசூத்தாரித்’. மூன்றும் ஒரே ஆளிடமிருந்து, ஒரே வருடத்தில்.

‘நும்மிசூத்தாரித்’ பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். ஃபின்லாந்து எழுத்தாளர் அலெக்ஸிஸ் கிவி 1864இல் வெளியிட்ட நாடகம் அது. எஸ்கோ என்று ஒரு செருப்புத் தைப்பவரின் மகன், வெள்ளை மனசு, எதையும் அப்படியே நம்புகிறவன், முன்கோபியும்கூட. தனக்குப் பெண் பேசி முடித்தாகிவிட்டது என்று நம்பி, கல்யாணக் கோலத்தில் பெண் வீட்டுக்குப் போகிறான். போனால் அங்கே கல்யாணம் நடக்கிறது, ஆனால் மாப்பிள்ளை வேறொருவன். அவமானம் தாங்காமல் எஸ்கோ அந்தக் கல்யாண வீட்டையே கலவரமாக்கிவிடுகிறான். ஃபின்லாந்து மக்கள் தங்கள் மண்ணின் ஆளாகவே நினைக்கும் இந்த எஸ்கோவாக நடிக்க காரு யாரைப் பிடித்தார் தெரியுமா? ஆக்செல் ஸ்லாங்குஸ் என்ற ஸ்வீடிஷ் பேசும் நடிகரை! பேசும் படமாக இருந்தால் இது நடந்திருக்குமா? குரல் இல்லாத காலம் என்பதால் முகமும் நடையும் மட்டுமே போதுமானதாக இருந்தது, அந்த மனிதரின் முகம் முழுக்க எஸ்கோ இருக்கிறான். மௌனப்படம் என்றால் ஏதோ குறை என்று நினைப்பவர்களிடம் நான் எப்போதும் இந்த ஒரு படத்தைத்தான் சொல்வேன்.

காருவின் ‘மேய்டான் போய்கம்மே’, அதாவது ‘எங்கள் பையன்கள்’, 1929இல் வந்த ராணுவ நகைச்சுவை. பேசும் படம் வந்தபோதும் அவர் ஒதுங்கிக்கொள்ளவில்லை, 1931இலேயே மரம் வெட்டி ஆற்றில் மிதக்கவிடும் தொழிலாளிகளின் உலகத்தை ஒலியோடு எடுத்தார். 1933இல் காசநோயைப் பற்றி ‘நே 45,000’, அதாவது ‘அந்த 45,000 பேர்’ என்ற படத்தை இயக்குநர் ரிஸ்தோ ஓர்கோவோடு சேர்ந்து எடுத்தார்.

அதே 1933இல்தான் அந்த அடி விழுந்தது. உலகம் முழுக்கப் பொருளாதார வீழ்ச்சி, கம்பெனிக்குள்ளேயும் நெருக்கடி, தான் தொடங்கிய சுவோமி-ஃபில்மியிலிருந்தே காரு வெளியேற வேண்டியதாயிற்று. வயது 46. வேறு யாராக இருந்தாலும் சோர்ந்து உட்கார்ந்திருப்பார்கள். இவர் அந்த வருடமே ‘சுவோமென் ஃபில்மிதெயோல்லிசுஸ்’ என்ற போட்டிக் கம்பெனியைத் தொடங்கிவிட்டார்! ‘எங்கள் பையன்கள்’ வரிசையில் கடற்படைப் பையன்கள் வந்த இரண்டாம் படம் பழைய கம்பெனியில் எடுத்தது, விமானப்படைப் பையன்கள் வந்த மூன்றாம் படமோ 1934இல் புதிய கம்பெனியின் முதல் படமாக வந்தது. கம்பெனி மாறினாலும் பையன்களை அவர் கூடவே கூட்டிக்கொண்டு போய்விட்டார்.

ஆனால் அவருக்கு அதிக நாள் இல்லை. 1935 டிசம்பரில், 48 வயதில் காலமானார். புதிய கம்பெனி தயாரிப்பாளர் டி. ஜே. சார்க்காவின் கைக்குப் போனது. அவர் அதை 1960கள் வரை நடத்தினார், 200க்கும் மேற்பட்ட படங்கள் வந்தன. அதில் பல வருடங்கள் ஃபின்லாந்து சினிமாவில் பெரிய போட்டி இந்த இரண்டு கம்பெனிகளுக்கு இடையில்தான், இரண்டிலும் அடிக்கல் வைத்தவர் காரு.

‘நும்மிசூத்தாரித்’ பிரதி பத்திரமாக இருக்கிறது. வாய்ப்புக் கிடைத்தால் பாருங்கள், அந்தக் கல்யாண வீட்டு வாசலில் எஸ்கோ வந்து நிற்கும்போது அவன் முகத்தை மட்டும் கவனியுங்கள். வணக்கம்.