மூணு தடவை ரிலீஸ் ஆன ஒரே பாட்டு

(காட்சி: கறுப்புத் திரை. சிந்தசைசர் பிட்டு மட்டும், ஆறு நொடி.)

இந்த பிட்டு உங்க காதுல கண்டிப்பா விழுந்திருக்கும். ரீல்ஸ்ல, இல்ல யாரோ ஒருத்தரோட ரிங்டோன்ல. நார்வே பேண்டு ‘ஆ-ஹா’வோட ‘டேக் ஆன் மீ’. 1985 அக்டோபர் 19 அன்னைக்கு அமெரிக்காவோட பாட்டு தரவரிசைப் பட்டியலான பில்போர்டு ஹாட் 100ல முதல் இடம். ஆனா அதுக்கு முன்னாடி பிரிட்டன்ல ரெண்டு தடவை ரிலீஸ் ஆகி, ரெண்டு தடவையும் படுத்துடுச்சு.

(காட்சி: ஏழு அங்குல இசைத்தட்டு சுத்துது.)

நம்ம ஊர்ல படத்துக்கு முன்னாடி விடற பாட்டை ‘ஃபர்ஸ்ட் சிங்கிள்’னு சொல்றோம்ல, அந்த வார்த்தையோட பூர்வீகம் இந்தச் சின்னத் தட்டுதான். முன்பக்கம் விக்க வேண்டிய பாட்டு, பின்பக்கம் துணைக்கு ஒண்ணு. அப்போ ரேடியோவுக்குப் போனதும் இதுதான், பட்டியலுக்குக் கணக்கு எடுத்ததும் இதை வச்சுதான்.

பேண்டுல மூணு பேர். பாடறது மார்ட்டன் ஹார்க்கெட், கீபோர்டு மாக்னே ஃபுருஹோல்மென், கிட்டார் போல் வாக்டார். அந்த பிட்டு மாக்னே பள்ளிக்கூட வயசுல போட்டது. அதுக்கு முதல்ல வச்ச பேரு என்ன தெரியுமா? ஒரு சூயிங்கத்தோட பேரு!

1984ல டோனி மேன்ஸ்ஃபீல்டு தயாரிப்புல முதல் ரிலீஸ். சொந்த ஊர் நார்வேல மூணாவது இடம். பிரிட்டன்ல முதல் நூறுக்குள்ளகூட வரல. அப்புறம் ஆலன் டார்னிங்கற தயாரிப்பாளர்கிட்ட குடுத்து திரும்பப் பதிவு பண்ணாங்க. இன்னைக்கு நாம கேக்கறது அந்தப் பதிவைத்தான்.

(காட்சி: ஏணிப்படி மாதிரி ஏறும் கோடு.)

பல்லவியைக் கொஞ்சம் கவனிங்க. ஹார்க்கெட் கிணத்துக்கு அடியில இருந்து வர்ற மாதிரி கீழ ஆரம்பிக்கிறார். அடுத்த வரி ஒரு படி மேல. அதுக்கடுத்தது இன்னும் மேல. கடைசியில கள்ளக் குரல்ல, அதாவது இயல்பான குரலை விட்டு மெல்லிசா மாத்திப் பாடி, உச்சிக்குப் போயிடறார். ஒரே பல்லவிக்குள்ள இரண்டரை ஸ்தாயி! குளியலறையில முயற்சி பண்ணிப் பாருங்க, பக்கத்து வீட்டுக்காரங்க வந்து விசாரிப்பாங்க.

இவ்வளவு இருந்தும் ரெண்டாவது ரிலீஸும் பிரிட்டன்ல ஓடல.

(காட்சி: பென்சில் கோட்டு முகம், பக்கத்துல நிஜ முகம்.)

அமெரிக்காவுல வார்னர் பிரதர்ஸ் நிறுவனம் இந்த வீடியோவுக்குக் காசு இறக்குனது இங்கதான். இயக்குநர் ஸ்டீவ் பேரன். லண்டன்ல ஒரு சின்ன கஃபே. ஒரு பொண்ணு காமிக்ஸ் படிச்சுட்டு இருக்கா. படத்துல இருக்கறவன் கண்ணடிக்கிறான், பென்சில்ல வரைஞ்ச கை ஒண்ணு தாளை விட்டு வெளிய நீளுது. அவ கையைப் பிடிச்சு உள்ள போயிடறா. அவளைத் தேடி வந்த பரிமாறுற அம்மா, பில்லு கட்டாம ஓடிட்டான்னு நினைச்சு, காமிக்ஸைக் கசக்கிக் குப்பையில போடறாங்க. உள்ள ரெண்டு பேரும் மாட்டிக்கிட்டாங்க! எனக்கு மொத்த வீடியோல பிடிச்ச இடம் இதுதான்.

இதுக்குப் பேரு ரோட்டோஸ்கோப்பிங். முதல்ல நிஜ ஆளுங்களை வச்சுப் படம் பிடிக்கணும். அப்புறம் ஒவ்வொரு ஃப்ரேமையும் தாள்ல விழ வச்சு, மேலயே பென்சில்ல வரையணும். மைக்கேல் பேட்டர்சனும் கேண்டஸ் ரெக்கிங்கரும் சுமார் 3,000 ஃப்ரேம் வரைஞ்சாங்க. 16 வாரம் ஆச்சு. கையால வரையறதால ஒரு ஃப்ரேம்ல இருக்கற கோடு அடுத்ததுல அச்சு அசலா வராது. கோடு துடிச்சுக்கிட்டே இருக்கறதுக்குக் காரணம் அதுதான்.

மூணாவது ரிலீஸ்ல அமெரிக்காவுல முதலிடம், பிரிட்டன்ல ரெண்டாமிடம். இசை டிவி சேனல் எம்டிவியோட 1986 வீடியோ விருதுகள்ல ஆறு.

அப்போ பாட்டு ஜெயிக்கல, வீடியோதான் ஜெயிச்சதுன்னு சொல்லிடலாமா? ரெண்டாவதுக்கும் மூணாவதுக்கும் நடுவுல பாட்டு மாறல, படம்தான் வந்துச்சு. அதனால பல பேர் அப்படித்தான் சொல்றாங்க. நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைச்சிருந்தேன், 2017ல அவங்க அன்பிளக்டு நிகழ்ச்சியை, அதாவது மின்சார வாத்திய ஆரவாரம் இல்லாம வாசிக்கற நிகழ்ச்சியைப் பாக்கற வரைக்கும்.

(காட்சி: மங்கலான மேடை வெளிச்சம். இசை மெதுவா.)

நார்வேல ஒரு தீவு. பென்சில் கோடு கிடையாது, அந்தத் துள்ளல் வேகமும் கிடையாது. தாலாட்டு மாதிரி மெதுவா வாசிக்கறாங்க. ஹார்க்கெட்டுக்கு அப்போ 57 வயசு. கண்ணை மூடிக்கிட்டு, அதே படிகள்ல ஒவ்வொண்ணா ஏறிப் போறார்.