பலகை சுட்டதா, பார்வை சுட்டதா?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

அதிர்ச்சி கொடுக்கும் கலைஞன் சமூகத்தைப் புண்படுத்துவான், திருத்த மாட்டான் என்று எதிரணி நண்பர் முழங்கிவிட்டு அமர்ந்திருக்கிறார். அதற்கு அவர் காட்டிய ஆள் ஜெர்மன் இயக்குநர் கிறிஸ்டோஃப் ஷ்லிங்கென்சீஃப். அதே மனிதரையே நானும் சாட்சிக் கூண்டில் ஏற்றுகிறேன்.

1990 அக்டோபர் 3. இரண்டு ஜெர்மனிகளும் இணைகின்றன. ஊரெல்லாம் கொண்டாட்டம். அதே ஆண்டில் இவர் படம் எடுக்கிறார்: எல்லை தாண்டி வரும் கிழக்கு ஜெர்மானியர்களை மேற்கே ஒரு கசாப்புக் குடும்பம் வெட்டி சாசேஜ் போடுகிறது. அருவருப்பு என்றார் நண்பர். ஆமாம், அருவருப்புத்தான்! பிறகு கிழக்கில் ஆலை ஆலையாக மூடி லட்சக்கணக்கானோர் வேலையிழந்தார்களே, விழா மேடையில் அதை யார் சொன்னார்கள்?

ஆஸ்திரியத் தலைநகர் வியன்னாவுக்கு வாருங்கள். 1999 தேர்தலில் "அந்நியர் பெருக்கத்தை நிறுத்து" என்று சுவரொட்டி ஒட்டிய சுதந்திரக் கட்சிக்குக் கிட்டத்தட்ட 27 சதவீத வாக்கு. 2000 பிப்ரவரியில் ஆட்சியிலும் பங்கு. ஜூனில் ஷ்லிங்கென்சீஃப், அரசு ஓப்பரா அரங்கின் பக்கத்திலேயே கன்டெய்னர்களை இறக்கினார். உள்ளே புகலிடம் கேட்டு வந்த 12 பேர், சுற்றிலும் கேமரா. நம்மூர் பிக் பாஸுக்கு மூலமான பிக் பிரதர் டிவி நிகழ்ச்சி முறையில் தினம் இருவரை வெளியேற்ற மக்கள் வாக்களிக்கலாம். கூரையில் ஒரு பெரிய பலகை: "வெளிநாட்டவரே, வெளியேறுங்கள்!"

நகரம் கொதித்தது. சுற்றுலாப் பயணிகள் பார்க்கிறார்களே என்று பதறினார்கள் சிலர். இனவெறியை எதிர்த்து ஊர்வலம் வந்தவர்களே கூரையேறிப் பலகையைத் தாக்கினார்கள். அந்தக் கோபம் நியாயமானது. ஆனால் பலகையில் இருந்த வெறுப்பை இவர் புதிதாக உண்டாக்கினாரா ஐயா? தெருத்தெருவாக ஒட்டப்பட்டு, வாக்காகி, அமைச்சரவைக்கே போய் உட்கார்ந்திருந்ததைத்தான் ஓப்பரா வாசலில் கொண்டுவந்து வைத்தார். கண்ணை மூடிக்கொண்டு கடக்க முடியாத இடம் அது.

விளம்பரப் பிரியர் என்றும் ஒரு குற்றச்சாட்டு. நுரையீரல் புற்றுநோயோடு போராடிய கடைசி ஆண்டுகளில், மேற்கு ஆப்பிரிக்க நாடான புர்கினா ஃபாசோவில் பள்ளியும் மருத்துவமனையும் கொண்ட கலைக் கிராமத்துக்கு அடிக்கல் நாட்டியவர் அவர். 2010இல் இறந்தார், அடுத்த ஆண்டு அங்கே பள்ளி திறந்தது.

அகதிகளைக் காட்சிப்பொருளாக்கலாமா என்று நண்பர் கேட்டாரே, அதுதான் அவருடைய வலுவான கேள்வி. எனக்கும் நெஞ்சில் உறுத்துகிறது. அந்த 12 பேரின் சங்கடத்தை நான் மறைக்க மாட்டேன். ஆனால், இன்று யாரை அனுப்பலாம் என்று பெயர் தேடி வாக்களித்தவர்கள் இருந்தார்களே, அவர்களை நண்பர் ஏன் ஒரு வார்த்தை கேட்கவில்லை? அதற்கு அவர் பதில் சொல்லட்டும், பிறகு தீர்ப்புச் சொல்லுங்கள் நடுவர் அவர்களே. நன்றி.