ரோசோ பள்ளத்தாக்கின் ஓவியர்

நேயர்களுக்கு வணக்கம்.

இன்று ஓர் ஓவியரைப் பற்றிப் பேசச் சொல்லி அழைத்திருக்கிறார்கள். வானொலியில் படத்தைக் காட்ட வழியில்லை. அதனால் நான் சொல்லச் சொல்ல நீங்களே மனசுக்குள் வரைந்துகொண்டு வாருங்கள்.

பச்சைப் பசேலென்று ஒரு பள்ளத்தாக்கு. பெயர் ரோசோ. ஒரு காலத்தில் அங்கே கரும்பு நின்றது, அப்புறம் வாழை வந்தது. தோட்டங்களுக்கு நடுவில் ஜாக்மெல் என்ற சிற்றூர். அந்த ஊரில் திருக்குடும்பத்தின் பெயரில் ஒரு சின்னக் கத்தோலிக்கக் கோயில். உள்ளே போனால், பீடத்துக்குப் பின்னால் சுவரை அடைத்துக்கொண்டு ஓர் ஓவியம். நடுவில் மாதா, சூசையப்பர், குழந்தை இயேசு. மூவரும் கறுப்பு நிறம். சுற்றிலும் அந்த ஊர் ஆட்கள்: தோட்டத்தில் பாடுபடுகிறவர்கள், மீன்பிடிக்கிறவர்கள், மேளம் அடிக்கிறவர், ஆடுகிற ஒரு ஜோடி. ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு வந்து முழங்காலில் நிற்பவர்கள் தலையை நிமிர்த்தினால் தங்கள் சாயலையே பீடத்தில் பார்ப்பார்கள்.

இது கரீபியன் கடலில் இருக்கும் செயின்ட் லூசியா தீவு. படத்தை 1973-இல் வரைந்தவர் டன்ஸ்டன் செயின்ட் ஓமர்.

இதில் என்ன பெரிய விஷயம் என்று தோன்றலாம். அந்தத் தீவின் கதையைத் தெரிந்துகொண்டால் புரியும். மொத்தமே 616 சதுர கிலோமீட்டர்தான். அந்தத் துண்டு நிலத்துக்காகப் பிரெஞ்சுக்காரர்களும் ஆங்கிலேயர்களும் அடித்துக்கொண்டார்கள். 14 முறை கை மாறியது, கடைசியில் 1814-இல் ஆங்கிலேயர் வசம் நிலைத்தது. மக்களில் பெரும்பாலோர் ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள். ஆட்சிமொழி ஆங்கிலம். வீட்டிலும் சந்தையிலும் பிரெஞ்சு வேரிலிருந்து வந்த கிரியோல். மதம் பெரும்பாலும் கத்தோலிக்கம். கோயிலில் இருந்த சொரூபங்களோ ஐரோப்பிய முகங்கள். தலைமுறை தலைமுறையாகக் கறுப்பர்கள் வெள்ளை மாதாவின் காலடியில் மெழுகுவத்தி ஏற்றி வந்தார்கள்.

நான் பல ஆண்டுகள் பள்ளியில் ஓவிய ஆசிரியையாக வேலை பார்த்தவள். 'அம்மாவை வரையுங்கள்' என்று சொன்னால் போதும், பிள்ளைகள் கிரேயான் பெட்டிக்குள் ஒரு குச்சியைத் தேடுவார்கள். 'டீச்சர், ஸ்கின் கலர் கொடுங்க' என்பார்கள். அவர்கள் கேட்பது ஒரு வெளிர் ரோஸ் நிறம். கேட்கிற பிள்ளையின் கையிலும் அந்த நிறம் இருக்காது, அம்மாவின் முகத்திலும் இருக்காது. அதனால்தான் ரோசோ ஓவியத்தை ஒரு புத்தகத்தில் முதன்முதலாகப் பார்த்தபோது அந்தப் பக்கத்தைத் தாண்ட எனக்கு மனம் வரவில்லை.

சரி, ஆளைப் பற்றிச் சொல்கிறேன். டன்ஸ்டன் 1927 அக்டோபர் 24 அன்று பிறந்தார். தலைநகர் காஸ்ட்ரீஸில் அப்போது ஓவியக் கல்லூரி என்று எதுவும் கிடையாது. ஆனால் ஹரோல்ட் சிம்மன்ஸ் என்று ஒருவர் இருந்தார். ஓவியர்; நாட்டார் பாட்டு, திருவிழா, வழக்கங்களையெல்லாம் தேடித் தேடிச் சேகரித்தவர். 'இதெல்லாம் படிக்காதவர்கள் சமாச்சாரம்' என்று மேல்தட்டு முகம் சுளித்த காலத்தில் அதில்தான் நம் உயிர் இருக்கிறது என்று நம்பிய மனிதர். அவருடைய ஓவியக்கூடத்துக்கு இரண்டு பையன்கள் போவார்கள். அவர் வரைவதைப் பார்ப்பார்கள், தாங்களும் வரைவார்கள், அவருடைய புத்தகங்களைப் புரட்டுவார்கள், இசைத்தட்டு கேட்பார்கள். ஒருவன் டன்ஸ்டன். இன்னொருவன் அவனைவிட இரண்டு மூன்று வயது சின்னவன், டெரிக் வால்காட். ஆமாம், 1992-இல் இலக்கியத்துக்கு நோபல் பரிசு வாங்கிய அதே வால்காட்தான்.

வால்காட்டுக்கும் அந்த நாளில் ஓவியராக வேண்டும் என்றுதான் ஆசை. அவருடைய அப்பா நீர்வண்ணத்தில் வரைந்தவர். ஆனால் நண்பனின் கையில் தூரிகை ஓடுகிற வேகத்தைப் பார்த்துத் தன் வழி சொல்தான் என்று புரிந்துகொண்டார். 1950-இல் இருவரும் சேர்ந்து காஸ்ட்ரீஸில் ஓவியக் கண்காட்சி வைத்தார்கள். இந்தத் தீவின் ஒவ்வொரு ஓடையையும் ஒவ்வொரு கரையையும் வண்ணத்திலும் சொல்லிலும் எழுதி முடிக்காமல் ஊரைவிட்டுப் போவதில்லை என்று இளவயதில் சபதம் செய்ததை வால்காட் பின்னாளில் ஒரு நெடுங்கவிதையில் பதிவு செய்தார். அதில் டன்ஸ்டனுக்கு அவர் வைத்த பெயர் கிரெகோரியாஸ், ஒரு கறுப்புக் கிரேக்கனின் பெயர். அந்தக் கவிதை நூல் வெளிவந்ததும் 1973-இல்தான், ரோசோ ஓவியம் வரையப்பட்ட அதே ஆண்டு.

வால்காட் படிப்புக்காக ஜமைக்கா போனார், பிறகு டிரினிடாட், அப்புறம் அமெரிக்கா. அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. போன இடத்திலும் அவர் எழுதியது தீவைத்தான். டன்ஸ்டன் ஊரிலேயே வேர்விட்டார். ஊரைவிட்டுப் போனவரை உலகம் அறிந்த அளவுக்கு ஊரிலேயே இருந்தவரை அறியவில்லை. எனக்கு அதில் வருத்தம் உண்டு, அதனால்தான் இன்று இவரைத் தேர்ந்தெடுத்தேன்.

செயின்ட் லூசியாவின் கொடியைப் பார்த்திருப்பீர்கள், கிரிக்கெட் மைதானத்திலாவது. நீலப் பின்னணி. நடுவில் வெள்ளை விளிம்பு கட்டிய கறுப்பு முக்கோணம். அதன் அடியில், அதே அடிக்கோட்டின் மேல், பொன்னிறத்தில் குட்டையான இன்னொரு முக்கோணம். அதை வடிவமைத்தவரும் டன்ஸ்டன்தான். நீலம் வானமும் கடலும், பொன் வெயில். கறுப்பும் வெள்ளையும் சேர்ந்து வாழும் இரு இனங்கள். முக்கோணங்கள், சூஃப்ரியேர் ஊருக்குப் பக்கத்தில் கடலிலிருந்து நேராக எழும்பி நிற்கும் பிட்டன் என்ற இரட்டை மலைகள். இரண்டுமே 700 மீட்டருக்கு மேல் உயரம். 1967 மார்ச் 1 அன்று தீவு உள்நாட்டு விவகாரங்களில் தன்னாட்சி உரிமை பெற்றபோது கொடி ஏறியது. 1979-இல் முழு விடுதலை வந்தபோதும் சின்னச் சின்ன மாற்றங்களோடு அதே கொடிதான். ஒன்று மட்டும் மனதை அறுக்கிறது. ஆசிரியர் சிம்மன்ஸ் 1966-இலேயே இறந்துவிட்டார். மாணவன் வரைந்த கொடி கம்பத்தில் ஏறியதை அவர் பார்க்கவில்லை.

1971 முதல் ஏறத்தாழ 30 ஆண்டுகள் டன்ஸ்டன் அரசின் கல்வித் துறையில் ஓவியக் கல்விக்காக வேலை செய்தார். சிம்மன்ஸின் ஓவியக்கூடத்தில் இரண்டு பையன்களுக்குக் கிடைத்தது இப்போது அரசுப் பள்ளிப் பிள்ளைகளுக்குக் கிடைத்தது. அவருடைய பணியில் இதைத்தான் நான் முதலில் வைப்பேன். சுவரோவியம் வரைகிற ஒருவருக்குப் பள்ளிப் பாடவேளையும் பாடத்திட்டமும் எவ்வளவு நேரத்தைத் தின்றிருக்கும் என்று, அதே வேலையைச் செய்தவள் என்பதால் எனக்குத் தெரியும். அப்படியும் அவர் விடவில்லை. ரோசோ சுவரை வரைந்ததே அந்த வேலையில் சேர்ந்து இரண்டு ஆண்டு ஆன சமயத்தில்தான்.

வரையும் முறையிலும் அவருக்கென்று ஒரு வழி இருந்தது. 'பிரிஸ்மிசம்' என்று பெயர் வைத்தார். பட்டகக் கண்ணாடியில் வெளிச்சம் பட்டால் உடைந்து சிதறுமே, அதுபோல உருவங்களை வண்ணத் துண்டுகளாக உடைத்துக் கட்டுவது. உருவங்களைக் கோணக் கோணமான துண்டுகளாக உடைத்து வரையும் ஐரோப்பிய ஓவிய பாணியான கியூபிசத்திலிருந்து வந்த யோசனைதான். ஆனால் கியூபிசத்தின் தொடக்ககாலப் படங்கள் பழுப்பும் சாம்பலுமாக இருக்கும். இவருடையதில் கரீபியன் வெயில் அடிக்கும்.

ரோசோவுக்குப் பிறகு தீவின் வேறு கோயில்களிலும் அவருடைய ஓவியங்கள் வந்தன. பெரிய வேலை 1985-இல் கிடைத்தது. மறு ஆண்டு ஜூலையில் போப்பாண்டவர் இரண்டாம் ஜான் பால் தீவுக்கு வருவதாக இருந்தது. காஸ்ட்ரீஸ் பேராலயத்தின் உட்புறத்தை வரையும் பொறுப்பு டன்ஸ்டனிடம் வந்தது. ஓவியர்களான தன் மகன்களின் துணையோடு அதைச் செய்தார். ஒரு மகன் பெயர் லூயிஜி, இன்னொருவர் ஜியோவானி. இத்தாலிய ஓவியர்கள் மேல் அப்பாவுக்கு இருந்த காதலைப் பிள்ளைகளின் பெயரிலேயே கேட்கலாம். அந்த ஆலயத்திலும் புனிதர்கள் கறுப்பு முகத்தோடு நிற்கிறார்கள். ரோமிலிருந்து வந்த போப்பாண்டவரை அந்தத் தீவு இந்த முகங்களோடு வரவேற்றது.

2010-இல் பிரிட்டிஷ் அரசி அவருக்கு 'சர்' பட்டம் வழங்கினார். 2015 மே 5 அன்று, 87 வயதில் டன்ஸ்டன் காலமானார். இரண்டு ஆண்டு கழித்து வால்காட்டும் போய்ச் சேர்ந்தார்.

காஸ்ட்ரீஸில் அந்தப் பேராலயத்தை ஒட்டி ஒரு சதுக்கம் இருக்கிறது. முன்பு கொலம்பஸ் பெயரில் இருந்தது. 1993-இல் டெரிக் வால்காட் சதுக்கம் என்று மாற்றினார்கள். அதில் ஒரு பழைய பெரிய மரம் நிற்கிறது. அவர்கள் சமான் என்கிறார்கள். நம் ஊர்ச் சாலையோரத்துத் தூங்குமூஞ்சி மரம்தான் அது. அமெரிக்க வெப்ப மண்டலம்தான் அதன் தாய் நிலம். அந்த நிழலில் நின்றால் பக்கத்தில் பேராலயம். கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனால் சுவரெல்லாம் நண்பன் வரைந்த முகங்கள்.

வாய்ப்புக்கு நன்றி. வணக்கம்.